நாலாம் நம்பர் பொத்தான்

போன வாரம் ஃபோனை வைக்கும் முன் அண்ணி சொன்ன கடைசி வார்த்தை, "வியாழக்கிழமை வேனோட வரேன்" என்பதுதான். அண்ணி சொன்னால் சொன்னதுதான். முப்பத்து நாலு வருஷம் ஆஸ்பத்திரியில் நர்ஸ், அதில் பாதிக்கு மேல் தலைமை நர்ஸ். மூன்று மாதம் முன்புதான் ரிட்டயர் ஆனாள். வார்டில் பெரிய டாக்டர்களே அவளைக் கண்டால் குரலைத் தாழ்த்திக்கொள்வார்களாம். அப்பேர்ப்பட்டவள் வியாழக்கிழமை காலை எட்டரைக்கே வாசலில் வந்து நின்றுவிட்டாள்.

வேன் மட்டும் வரவில்லை. அது சாயங்காலம் நாலு மணிக்காம்.

"சீக்கிரமே வந்துட்டீங்களே அண்ணி," என்றாள் வயர்காரி, முகத்தில் எதையும் காட்டிக்கொள்ளாமல்.

"துணிமணி எடுத்து வைக்க வேண்டாமா? மருந்து லிஸ்ட் பார்க்க வேண்டாமா? என் தம்பியைப் பார்சல் மாதிரி தூக்கி வேன்ல போட்டுக்கிட்டா போக முடியும்?"

கதையில் நடுவழியில் ஏறியவர்களுக்கு ஒரு வார்த்தை. வயர்காரி என்பது வேலை செய்யும் இடத்தில் அவளுக்கு வைத்த பெயர். ஸ்விட்ச் போர்டு பேனல்கள் செய்யும் பட்டறை அது. ஆளுயர இரும்புப் பெட்டிக்குள் முந்நூறு வயரைச் சிக்கில்லாமல் ஓட்டுவதில் அவளை அடித்துக்கொள்ள ஆள் கிடையாது. அவள் புருஷன், அண்ணியின் தம்பி, சரக்குக் கிடங்கில் கிரேன் ஓட்டியவர். எட்டு மாதம் முன்பு கிரேன் ஏணியிலிருந்து விழுந்தார். இடுப்புக்குக் கீழே உணர்ச்சி கிடையாது. கைகளில் பாதிப் பலம்தான். வலது கட்டைவிரல் மட்டும் பழையபடி இருக்கிறது. வாய்க்கு மட்டும் ஒரு சேதாரமும் இல்லை.

அவரைப் பார்த்துக்கொள்ள இவளும் எட்டு மாதம் லீவில் இருந்தாயிற்று. நாளைக் காலை ஏழு மணி ஷிப்டுக்கு வராவிட்டால் அவள் மேஜைக்கு வேறு ஆள் என்று சூப்பர்வைசர் கறாராகச் சொல்லிவிட்டார். ஏழிலிருந்து மூன்று வரை புருஷன் வீட்டில் தனியாக இருக்க வேண்டும். இருந்துவிட்டால் வேலையும் தப்பும், அவரும் இங்கேயே இருப்பார். முடியாதென்றால் அண்ணி வீடுதான்.

அதற்காகத்தான் ஒரு மாதமாக அந்தப் பெட்டி.

பெட்டி என்றால் இரண்டு. ஒன்று, கட்டில் கம்பியோடு பட்டை போட்டுக் கட்டிய பிளாஸ்டிக் டிபன் டப்பா. அதன் மூடியில், படுத்தபடியே கட்டைவிரல் எட்டுகிற மாதிரி ஆறு பெரிய பொத்தான்கள். விரலை அளந்து, அட்டையில் துளை போட்டுப் பார்த்து, மூன்று மூடியைப் பாழாக்கி, நாலாவதில்தான் சரியாக அமைந்தது. இன்னொன்று, சுவரில் மாட்டிய மரப்பலகை. அதில் ரிசீவர், பதினேழு சென்டிமீட்டருக்கு நறுக்கிய ஏரியல் வயர், வரிசையாக, கரண்டைச் சேர்த்துப் பிரிக்கிற ஆறு நீல நிற ரிலே. டப்பாவில் பொத்தானை அமுக்கினால், நடுவில் வயரே இல்லாமல், பலகையில் அதற்குரிய ரிலே 'டிக்' என்று விழும்.

முதல் பொத்தான் லைட்டுக்கு, இரண்டாவது ஃபேனுக்கு. மூன்றாவதை அமுக்கினால் கீழ் வீட்டுத் தையல்காரம்மாவின் மெஷின் பக்கத்தில் மணி அடிக்கும். நாலாவது வாசல் கதவின் மின்தாழை விடுவிக்கும். மதியம் தையல்காரம்மா சாப்பாடு கொண்டுவரும்போது எழுந்து போய்த் திறக்க யார் இருக்கிறார்கள்? ஐந்து கட்டிலின் தலைமாட்டைத் தூக்கும், ஆறு இறக்கும். ஐந்தும் ஆறும் ஒரே நேரத்தில் விழுந்தால் மோட்டார் புகைந்துவிடும். அதனால் ஒன்று விழுந்தால் மற்றதற்குக் கரண்டே போகாதபடி, ஒன்றின் வயரை இன்னொன்றின் வழியாக ஓட்டியிருந்தாள்.

"நீயும் எங்கக்காவும் மாதிரின்னு சொல்லு," என்றார் கிரேன்காரர், அதைக் கேட்டபோது. "ஒருத்தி பேசும்போது இன்னொருத்தி வாயே திறக்க முடியாது."

"அப்படி ஒரு வயரிங் நிஜத்துல இருந்தா முதல்ல உங்க வாய்க்குப் போட்டிருப்பேன்," என்றாள் இவள்.

அண்ணி இப்போது அந்தப் பலகையை மேலும் கீழுமாகப் பார்த்தாள்.

"ஞாயித்துக்கிழமை வந்தப்பவே பார்த்தேன். இதை நம்பியா ஒரு மனுஷனை எட்டு மணி நேரம் பூட்டி வைக்கப்போறே?"

"பூட்டல அண்ணி. திறக்கிறதுக்குத்தானே நாலாம் நம்பர்."

"சரி. நாலு மணி வரைக்கும் உட்கார்ந்து பார்க்கிறேன். எனக்கு நம்பிக்கை வந்துடுச்சுன்னா வேனைத் திருப்பி அனுப்பிட்டு நான் பாட்டுக்குப் போயிடுவேன். வரலைன்னா நீ ஒரு வார்த்தை பேசக்கூடாது. சம்மதமா?"

"சம்மதம்."

"தம்பி, உனக்கு?"

கிரேன்காரர் சுற்றுகிற ஃபேனைப் பார்த்தபடி, "அதான் ரெண்டு பேரும் பேசி முடிச்சுட்டீங்களே," என்றார்.

அண்ணி ஜன்னலோரம் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டாள். கைப்பையிலிருந்து ஒரு நோட்டு வந்தது. வார்டில் காய்ச்சல் கணக்கு எழுதிய பழக்கம், கட்டம் போட்டு நேரம் எழுதினாள். வலது கையில் பேனா. இடது கையில் சாவிக்கொத்து, அதை விரலில் மாட்டி உருட்டிக்கொண்டே இருந்தாள். சும்மா இருக்கவே தெரியாத கை அது.

ஒரு மணி நேரம் எல்லாம் ஜோராக நடந்தது. லைட் எரிந்தது, அணைந்தது. தலைமாடு ஏறியது, இறங்கியது. தையல்காரம்மா கீழேயிருந்து, "மணி கேட்டுச்சும்மா!" என்று கத்தினாள். வயர்காரிக்கு வாய் காதுவரை போயிற்று.

ஒன்பது நாற்பதுக்குக் கிரேன்காரருக்கு இருமல் வந்தது. இருமி முடிப்பதற்குள் 'டக்'. வாசல் கதவு மெல்ல விலகி, மாடிப்படி தெரிந்தது.

"என்னங்க, நீங்களா அமுக்கினீங்க?"

"கை போர்வைக்குள்ள இருக்கு, பாரு."

அண்ணி நோட்டில் எழுதினாள். அவள் திட்டியிருந்தால்கூடத் தேவலை, அந்தப் பேனாச் சத்தம்தான் தாங்க முடியவில்லை.

"ஃபேன் மோட்டார் தொந்தரவா இருக்கும் அண்ணி," என்று ஸ்டூலில் ஏறி ஏரியல் வயரை மறுபக்கம் திருப்பி வைத்தாள் வயர்காரி. இறங்கி, கதவைச் சாத்தி, நெற்றியைத் துடைத்து, பத்து வரை எண்ணினாள். கதவு சும்மா இருந்தது. பத்து நிமிஷம், இருபது நிமிஷம், அப்போதும் சும்மா இருந்தது. அப்பாடா என்று டீ போடப் போனாள்.

பதினோரு மணி ஐந்து நிமிஷம். கிரேன்காரர் தலையணையிலிருந்து கொஞ்சம் சரிந்தார். அண்ணி, "டேய், பார்த்துடா!" என்று பதறி எழுந்தாள். 'டக்'. கதவு திறந்துகொண்டது.

"தனியா படுத்திருக்கிற ஆளு. காலும் வராது. கதவு மட்டும் தன்னால திறந்து திறந்து கிடக்கும். போறவன் வர்றவன் எல்லாம் உள்ளே எட்டிப் பார்த்துட்டுப் போவான். நல்லா இருக்கும்மா உன் ஏற்பாடு!"

"சரி பண்ணிடறேன் அண்ணி."

"நான் வேணாங்கலையே. பண்ணு."

மின்தாழுக்குள் இருக்கும் கம்பிச் சுருளில் கரண்ட் நிற்கும்போது திருப்பி ஒரு உதை விடும், அதை அடக்க ஒரு டயோடு போட வேண்டும். போட்டிருந்தாள்தான். இருந்தாலும் கழற்றிவிட்டுப் புதிதாக ஒன்றை வைத்துப் பற்றவைத்தாள். அவசரத்தில் சூட்டுக்கோல் நடுவிரலில் பட்டது. ஸ்ஸ் என்று வாய்க்குள் வைத்துக்கொண்டாள். முந்நூறு வயர் ஓட்டுகிறவள் ஒரு கதவுக்கு முன்னால் இப்படித் திண்டாடுகிறாளே என்று தன்மேலேயே அவளுக்கு எரிச்சலாக வந்தது.

"ஆயின்மெண்ட் எங்கே இருக்கு?" என்று அண்ணி எழுந்தாள்.

"வேண்டாம் அண்ணி, சரியாயிடும்."

"கையைக் காட்டு." அண்ணி விரலைப் பிடித்துத் தண்ணீர் ஊற்றி, மருந்து தடவி, ஊதினாள். பிறகு போய் உட்கார்ந்து அதையும் நோட்டில் எழுதினாள்.

பன்னிரண்டரைக்குத் தையல்காரம்மா தட்டை ஏந்திக்கொண்டு படியேறி வந்தாள். படியில் யாரோ வரும் சத்தம் கேட்டு, "யாரது?" என்று அண்ணி நிமிர்ந்தாள். தையல்காரம்மா கதவைத் தட்டக் கையைத் தூக்குவதற்குள் அது தானாகத் திறந்தது.

"அடேயப்பா! வாசல்ல காலை வெச்சதுமே திறக்குதே! எனக்கும் ஒண்ணு செஞ்சு குடேன்!"

வயர்காரிக்கு அழுவதா சிரிப்பதா என்று தெரியவில்லை. கட்டிலில் கிரேன்காரர் மட்டும் ரொம்ப நேரம் சிரித்தார். சிரித்து முடித்துவிட்டுச் சுவர்ப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

சாப்பாடு இவளுக்கு இறங்கவில்லை. தாழுக்குத் தனி அடாப்டர் கொடுத்துப் பார்த்தாள். நாலாவது ரிலேயையே கழற்றிப் புதிது வைத்தாள். இரண்டு மணிக்கு மறுபடி திறந்தது. வேன்காரன் ஃபோன் செய்து, "அட்ரஸ் சரிதானேம்மா? ஸ்ட்ரெச்சருக்கு ரெண்டு ஆள் போதுமா?" என்று கேட்க, அண்ணி பதில் சொல்லிக்கொண்டிருந்த நேரம் அது.

வயர்காரி பலகை முன்னால் தரையில் உட்கார்ந்துவிட்டாள். பட்டறையில் பேனல் தகராறு செய்தால் அவள் செய்கிற வேலை ஒன்று உண்டு. ஒவ்வொன்றாகக் கழற்றிக்கொண்டே வருவாள். எதைக் கழற்றினால் தகராறு நிற்கிறதோ அதுதான் குற்றவாளி. பலகையில் எல்லாம் மாற்றியாயிற்று. மிச்சம் இருப்பது டப்பா. எழுந்து போய், மூடியைத் திறந்து, பேட்டரியை உருவி ரவிக்கைக்குள் செருகிக்கொண்டாள்.

"என்ன பண்றே?" என்றார் கிரேன்காரர்.

"இப்போ இந்த வீட்டுல யாராலும் கதவைத் திறக்க முடியாது. பார்க்கலாம்."

மூன்று மணியாயிற்று. மூன்று பத்து. சாலையில் ஏதோ பெரிய வண்டியின் சத்தம் கேட்டது. அண்ணி சட்டென்று ஜன்னலுக்கு வெளியே எட்டிப் பார்த்தாள்.

'டக்.'

பேட்டரி இவளிடம் இருக்கிறது, கதவு அங்கே திறக்கிறது. அப்படியென்றால் திறக்கிறவர் வேறு யாரோ. வயர்காரியின் பார்வை கதவிலிருந்து நகர்ந்து அண்ணியின் இடது கையில் வந்து நின்றது. சாவிக்கொத்தில் ஒரு சின்னக் கறுப்பு ரிமோட். அதன் பொத்தான்மேல் அண்ணியின் கட்டைவிரல் இன்னும் அழுந்தியிருந்தது.

ஞாயிற்றுக்கிழமை! தலையில் அடித்துக்கொள்ளலாம் போல வந்தது அவளுக்கு. ரிசீவருக்கு ரிமோட்டை அறிமுகம் செய்துவைக்க ஒரு குட்டிப் பொத்தான் உண்டு. அதை அமுக்கினால் பச்சை விளக்கு மினுக்கும். மினுக்கும் நேரத்தில் எந்த ரிமோட் குரல் கொடுத்தாலும் அதை நம்ம வீட்டு ஆள் என்று மனதில் போட்டுக்கொள்ளும். அன்றைக்கு மூன்று பொத்தான்களைப் பழக்கிவிட்டு நாலாவதற்குப் பச்சை விளக்கைப் போட்டாள். அதே நேரம் அடுப்பில் பால் பொங்கியது. விளக்கை அணைக்காமல் ஓடினாள். அண்ணி இந்த அறையில்தான், பலகைக்கு இரண்டடி தள்ளி நின்று, "இவ எப்பவும் இப்படித்தான்" என்று தம்பியிடம் சொல்லிக்கொண்டிருந்தாள். கையில் சாவி உருண்டுகொண்டிருந்தது. இவள் திரும்பி வந்து டப்பாவைப் பழக்கியபோது, ரிசீவர் அந்த ரிமோட்டையும் ஏற்கெனவே நாலாம் நம்பரில் சேர்த்திருந்தது.

"அண்ணி, அது என்ன ரிமோட்?"

"எங்க பில்டிங் கேட்டு திறக்கிறது. ஏன்?"

"ஒரு தடவை அமுக்குங்க."

"இங்க எதுக்கு..."

"அமுக்குங்களேன்."

'டக்.' கதவு திறந்தது. இவள் போய்ச் சாத்தினாள். "இன்னொரு தடவை." 'டக்.'

அண்ணி தன் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள். "எனக்குத் தெரியவே தெரியாதும்மா. மனசு பதறினா விரல் எதையாவது அமுக்கும். வார்டுல பேனாவை அமுக்கிட்டே இருப்பேன், எல்லாரும் கேலி பண்ணுவாங்க," என்றாள். அவ்வளவு சின்னக் குரலில் அண்ணி பேசி யாரும் கேட்டதில்லை.

பிறகு நோட்டை எடுத்தாள். காலையிலிருந்து எழுதிய எல்லா நேரத்துக்கும் சேர்த்து ஒரு கோடு இழுத்து, பக்கத்தில் 'காரணம்: நான்' என்று எழுதிக் கையெழுத்தும் போட்டாள். என்னதான் சொல்லுங்கள், நேர்மைக்காரி.

வயர்காரி ரிசீவரின் ஞாபகத்தை மொத்தமாக அழித்தாள். அண்ணியின் சாவியைத் தையல்காரம்மாவிடம் கொடுத்துத் தெருக்கோடிக்கு அனுப்பிவிட்டு, டப்பாவில் பேட்டரியைத் திரும்பப் போட்டு, ஆறு பொத்தான்களையும் முதலிலிருந்து பழக்கினாள். சாவி திரும்பி வந்ததும் அண்ணி அதை அமுக்கு அமுக்கென்று அமுக்கிப் பார்த்தாள். கதவு அசையவில்லை. வயர்காரி கைதட்டியே விட்டாள்.

"ஜெயிச்சுட்டேம்மா நீ," என்றாள் அண்ணி. "வேனைத் திருப்பி அனுப்பிடறேன். என்னடா தம்பி, சந்தோஷம்தானே?"

கிரேன்காரர் சுவர்ப் பக்கமே பார்த்தார்.

"என்னங்க?"

"எனக்குக் காலையிலயே தெரியும்," என்றார் அவர்.

"என்ன தெரியும்?"

"ரெண்டாவது தடவை திறந்தப்பவே தெரியும். பதினஞ்சு வருஷம் ரிமோட்டைப் பிடிச்சு கிரேன் ஓட்டினவன் நான். அக்கா விரல் அழுந்துது, கதவு திறக்குது. இது தெரியாதா எனக்கு?"

வயர்காரிக்குக் கோபம் வந்தது பாருங்கள், அப்படியொரு கோபம். "தெரிஞ்சுமா வாயை மூடிட்டிருந்தீங்க? விரலைச் சுட்டுக்கிட்டேன். சோறு இறங்கல. பைத்தியக்காரி மாதிரி ஸ்டூல்ல ஏறி இறங்கினேன். நாள் பூரா வேடிக்கை பார்த்தீங்களா? உங்களுக்கு அங்கே போகணும்னா நேரா சொல்லியிருக்கலாம்ல?"

"அங்கே போகவும் இஷ்டமில்ல."

"அப்புறம் என்னதான் வேணும்?"

அவர் கட்டைவிரல் போர்வையின் ஓரத்தைச் சுருட்டிக்கொண்டிருந்தது.

"பயமா இருக்கு," என்றார். "எட்டு மணி நேரம் தனியா கிடக்கப் பயமா இருக்கு. லைட்டு எரியும், ஃபேன் சுத்தும், எல்லாம் சரி. நீ கடைக்குப் போய்ப் பத்து நிமிஷம் லேட்டானாலே எனக்கு நெஞ்சு அடைக்கும். இந்த வயசுல இதை எப்படிச் சொல்றது?"

"என்கிட்ட சொல்றதுக்கு என்ன?"

"நீ அந்தப் பெட்டியைச் செய்யும்போது பாடிட்டே செஞ்சே. எட்டு மாசத்துல முதல் தடவை. வேண்டாம்னு எந்த வாயால சொல்வேன்?"

வயர்காரி கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்தாள். கோபம் எங்கே போனது என்று தெரியவில்லை. அவர் கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு அழுதாள். அழுவதை மறைக்கவும் இல்லை.

ஜன்னலோரம் அண்ணி தொண்டையைச் செருமினாள்.

"தனியா இருக்கப் பயம்னு உனக்காவது சொல்ல ஆள் இருக்குடா," என்றாள். "மூணு மாசமா நான் அந்த வீட்டுல ரேடியோகிட்டப் பேசிட்டிருக்கேன். உன்னை அங்கே கூட்டிட்டுப் போறேன்னு நான் குதிச்சது உனக்காக மட்டும்னா நினைச்சே? நீங்க இங்கே வாங்கன்னு என்னை ஒருத்தராவது கேட்டீங்களா?"

யாரும் கேட்கவில்லைதான். வயர்காரி அதை யோசித்தே பார்த்ததில்லை. இப்போது யோசித்தாள். கேட்டால் அண்ணி வருவாள். வந்தால் போகமாட்டாள். கரண்டி எல்லாம் இடம் மாறும், தலையணை உறை தினம் மாறும், 'இவ எப்பவும் இப்படித்தான்' என்பது காலையும் மாலையும் கேட்கும். எட்டு மணி நேர ஷிப்டு முடித்து வந்து இன்னொரு ஷிப்டு.

அவர் கை அவள் மடியில் இருந்தது.

"காலைல ஆறே முக்காலுக்கு வர முடியுமா அண்ணி?"

அண்ணி நிமிர்ந்து பார்த்தாள். "என்னவா வரச் சொல்றே? சம்பளத்துக்கு நர்ஸாவா?"

"அண்ணியா வாங்க."

கீழே ஹாரன் இரண்டு தடவை அடித்தது. மணி நாலு. அண்ணி ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டு, கைப்பையை மாட்டிக்கொண்டு, கதவைத் திறந்து விடுவிடுவென்று படியிறங்கிப் போனாள்.

இரண்டு பேரும் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டார்கள். கீழே பேச்சுச் சத்தம். வேன் கதவு திறக்கும் சத்தம். அது மூடும் சத்தம் மட்டும் வரவில்லை. கொஞ்ச நேரத்தில் படியில் காலடி கேட்டது. ஒரு ஆளின் காலடி இல்லை. குறைந்தது மூன்று பேர். ஸ்ட்ரெச்சர் மாதிரி ஏதோ கனமான பொருள் சுவரில் இடித்து இடித்து மேலே வந்தது.

வயர்காரி சட்டென்று எழுந்தாள். "நீங்க பேசாம இருங்க. நான் பார்த்துக்கிறேன்," என்றாள்.

"இல்ல," என்றார் கிரேன்காரர். "நீ கொஞ்சம் தள்ளி நில்லு. இந்தத் தடவை நான் பேசறேன்."